நிலவின் இரவும் அணுவின் சூடும்

2023 ஜூலை 14, வெள்ளிக்கிழமை, பிற்பகல் 2.35. திருவொற்றியூரில் சந்திரயான்-3 கிளம்புவதைப் பார்க்க எங்கள் தெருவில் பாதிப் பேர் மொட்டைமாடியில் நின்றிருந்தோம். வடக்கே கண்ணைச் சுருக்கிப் பார்த்துக்கொண்டிருந்தபோது ஒரு தீப்பொறி எழும்பியது. பின்னால் வெள்ளைக் கோடு இழுத்துக்கொண்டே கடல் பக்கம் சாய்ந்தது. பிள்ளைகள் "அதோ, அதோ" என்று கத்தின. காயப் போட்ட மிளகாயை அள்ளிக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு அக்கா, முறத்தை அப்படியே வைத்துவிட்டு அண்ணாந்து பார்த்தார். கோடு கலைந்த பிறகு என்னிடம் கேட்டார்: "நிலாவில் ராத்திரி உண்டா தம்பி? ராத்திரி வந்துவிட்டால் அது என்ன செய்யும்?"

"தூங்கும் அக்கா" என்றேன். எனக்கு அன்று தெரிந்தது அவ்வளவுதான்.

அவர் கேட்டதுதான் விண்வெளிப் பயணத்தின் மிகப் பழைய சிக்கல்களில் ஒன்று. நிலவில் ஒரு பகல் நம் கணக்கில் 14 நாள். ஓர் இரவும் 14 நாள். சந்திரயான்-3 தரையிறங்கிய ஆகஸ்ட் 23, அந்த இடத்தில் பொழுது விடிந்த நேரம். நாள் பார்த்துத்தான் இறக்கினார்கள். விக்ரம் லேண்டரின் சோலார் தகடுகள் 738 வாட் தரும், பிரக்யான் ரோவரின் தகடு 50 வாட் தரும். வெயில் இருக்கும்வரை இரண்டும் உழைத்தன. செப்டம்பர் முதல் வாரத்தில் பொழுது சாய்வதற்குள் இரண்டையும் உறங்க வைத்தார்கள். 22ஆம் தேதி மீண்டும் வெயில் வந்தபோது அழைத்துப் பார்த்தார்கள். பதில் இல்லை.

அந்த இரவில் வெப்பநிலை மைனஸ் 120 டிகிரிக்கும் கீழே இறங்கும். பேட்டரிக்குள் இருக்கும் திரவம் உறைந்துபோகும். மின்பலகையில் செம்பு ஓர் அளவு சுருங்கும், பற்றவைத்த ஈயம் வேறோர் அளவு சுருங்கும், பிளாஸ்டிக் இன்னோர் அளவு சுருங்கும். மயிரிழை போன்ற ஒரே ஓர் இணைப்பு விரிசல் கண்டாலும் கருவி எழாது. 14 நாள் வேலைக்கென்று செய்த கருவிகள் தங்கள் வேலையை முழுதாக முடித்தன, அதில் குறையே இல்லை. ஆனால் 15ஆம் நாளுக்கு நம்மிடம் வழி இருக்கவில்லை என்பதும் உண்மை.

பேட்டரியைப் பெரிதாக வைத்தால் என்ன என்று கேட்கலாம். கணக்குப் போட்டுப் பார்ப்போம். இரவு முழுக்க வெறும் 100 வாட் வேண்டும் என்று வையுங்கள். 14 நாள் என்பது 336 மணி நேரம். பெருக்கினால் 33.6 யூனிட். நம் வீட்டு மின்கட்டணச் சீட்டில் இது ஒரு பொருட்டே இல்லை. ஆனால் அதைச் சேமித்து வைக்கும் நல்ல லித்தியம் பேட்டரி ஏறக்குறைய 170 கிலோ எடை இருக்கும். பிரக்யான் ரோவரின் மொத்த எடையே 26 கிலோதான். அந்தப் பேட்டரியும் உறையாமல் இருக்க அதற்கே தனியாகச் சூடு வேண்டும்.

இந்த இடத்தில்தான் அணு வருகிறது. நாங்கள் மாடியில் நின்று பார்த்த அந்த ராக்கெட்டில் அது இருந்தது என்பது பல மாதங்கள் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. சந்திரயான்-3இன் உந்துவிசைப் பகுதியில், பாபா அணு ஆராய்ச்சி மையம் செய்த இரண்டு கதிரியக்கச் சூடேற்றிகள் இருந்ததாக அணுசக்தி ஆணையத் தலைவர் அஜித் குமார் மொகந்தி பின்னர் சொன்னார். ஒவ்வொன்றும் ஒரு வாட். லேண்டரிலும் ரோவரிலும் அவை இல்லை. நிலவைச் சுற்றிய பகுதியில் மட்டும் சோதனைக்காக வைக்கப்பட்டிருந்தன.

ஒரு வாட் என்றால் பூஜை அறையில் எரியும் சின்னச் சிவப்பு விளக்கின் அளவுதான். ஆனால் நன்றாகப் போர்த்தி மூடிய ஒரு சிறு பெட்டிக்குள், ஆண்டுக்கணக்கில் அணையாமல் இருக்கும் ஒரு வாட் சூடு பெரிய விஷயம். செவ்வாயில் ஓடிய அமெரிக்க ரோவர்களான ஸ்பிரிட், ஆப்பர்சூனிட்டி இரண்டிலும் இப்படித் தலா எட்டு ஒரு வாட் சூடேற்றிகள் இருந்தன. அந்த அமெரிக்கச் சூடேற்றி ஒன்றின் எடை 40 கிராம். உள்ளே இருக்கும் புளூட்டோனியம் டைஆக்சைடு 2.7 கிராம். டார்ச் லைட்டில் போடும் கட்டை பேட்டரி போல உள்ளங்கையில் அடங்கிவிடும்.

புளூட்டோனியம் என்ற பெயர் கேட்டாலே அணுகுண்டு நினைவுக்கு வருவதால் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். குண்டில் இருப்பது புளூட்டோனியம்-239. விண்கலத்துக்குப் போவது புளூட்டோனியம்-238. இங்கே அணு அணுவாகப் பிளந்துகொண்டே போகும் தொடர்வினை நடப்பதில்லை, இது வெடிக்காது. இதன் அணுக்கள் தாமாகவே சிதைந்து ஆல்பா துகள்களை உமிழ்கின்றன. அந்தத் துகள்கள் பக்கத்து அணுக்களில் மோதி நிற்கும்போது சூடு பிறக்கிறது. கையளவுத் துண்டு, வெளியிலிருந்து எதுவும் கொடுக்காமலே செக்கச்செவேல் என்று கனன்றுகொண்டிருக்கும். அரை ஆயுள் 87.7 ஆண்டு. அதாவது இன்று பிறக்கும் குழந்தை தொண்ணூறு வயதை நெருங்கும்போதும் பாதிச் சூடு மிச்சம் இருக்கும்.

சூட்டை மின்சாரமாக்குவதும் எளிய வழியில்தான். இரண்டு வெவ்வேறு உலோகங்களின் முனைகளை இணைத்து, ஒரு பக்கம் சூடாகவும் மறுபக்கம் குளிர்ச்சியாகவும் வைத்தால் மின்னோட்டம் பாயும். இது 1821 முதல் தெரிந்த செய்தி. கரண்டியின் ஒரு முனை கொதிக்கும் குழம்பில் இருக்கிறது, மறுமுனை நம் கையில் இருக்கிறது. அந்த வெப்ப வித்தியாசத்திலிருந்து மின்சாரம் எடுப்பது போல. விண்வெளியில் குளிர்ந்த முனைக்குப் பஞ்சமே இல்லை. சுழலும் பாகம் இல்லை, எண்ணெய் விட வேண்டியதில்லை, பழுது பார்க்க ஆள் தேவையில்லை. திறன்தான் மிகக் குறைவு. செவ்வாயில் 2012இல் இறங்கிய கியூரியாசிட்டி ரோவரில் 4.8 கிலோ புளூட்டோனியம் டைஆக்சைடு இருக்கிறது. தொடக்கத்தில் அது சுமார் 2,000 வாட் சூடு தந்தது. அதிலிருந்து கிடைத்த மின்சாரம் ஏறக்குறைய 110 வாட். ஒரு சீலிங் ஃபேனுக்கும் ஒரு டியூப்லைட்டுக்கும் போதும், அவ்வளவுதான். ஆனால் மின்சாரம் ஆகாத சூடு வீணாவதில்லை. அதைக் குழாய்களில் சுற்றவிட்டு ரோவரின் உடலைக் கதகதப்பாக வைத்துக்கொள்கிறார்கள். 2018இல் செவ்வாயைப் புழுதிப்புயல் மூடியபோது, சோலார் தகட்டை நம்பிய ஆப்பர்சூனிட்டி அடங்கிவிட்டது. கியூரியாசிட்டி அதே புழுதிக்குள் வேலை செய்துகொண்டிருந்தது.

சூரியனை விட்டு விலகிப் போகப் போக இந்த வேறுபாடு கூடிக்கொண்டே போகும். வியாழன் கோளில் வெயில் பூமியில் உள்ளதில் இருபத்தைந்தில் ஒரு பங்கு. அங்கே ஜூனோ கலம் சோலார் தகட்டோடுதான் போனது என்பதையும் சொல்ல வேண்டும். ஆனால் பூமிக்கருகே சுமார் 14 கிலோவாட் தரக்கூடிய மூன்று பெரிய இறக்கைகளை விரித்தும் வியாழனில் கிடைத்தது 500 வாட் அளவே. சனிக்கு அப்பால் அந்த வழியும் அடைபட்டுவிடும். 1977இல் கிளம்பிய இரண்டு வாயேஜர் கலங்களும் இப்படிச் சூட்டை மின்சாரமாக்கும் புளூட்டோனிய மின்கலன்கள் தலா மூன்றோடு போயின. தொடக்கத்தில் 470 வாட், பிறகு ஆண்டுக்குச் சுமார் 4 வாட் வீதம் குறைந்து வருகிறது. ஒவ்வொரு கருவியாக அணைத்து, மிச்ச மின்சாரத்தில் அவற்றைப் பேச வைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

நிலவுக்கே திரும்புவோம். 1969 நவம்பரில் அப்போலோ 12 இறங்கியபோது நடந்ததை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். நிலவில் வைத்துவிட்டு வரவேண்டிய ஆய்வுக் கருவிகளுக்கு மின்சாரம் தர 3.8 கிலோ புளூட்டோனியம் போயிருந்தது. வழியில் விபத்து நேர்ந்தாலும் எரிபொருள் சிதறக்கூடாது என்பதற்காக, அதை மின்கலனில் வைக்காமல், கலத்தின் வெளிப்புறத்தில் தனியே ஒரு கிராஃபைட் கூட்டுக்குள் பூட்டி எடுத்துப் போனார்கள். நிலவில் இறங்கிய பின் அதை உருவி மின்கலனுக்குள் செருக வேண்டும். விண்வெளி வீரர் ஆலன் பீன் நீண்ட பிடியுள்ள கருவியை மாட்டி இழுத்தார். வரவில்லை. சூட்டில் விரிந்து கூட்டுக்குள் இறுகப் பிடித்துக்கொண்டிருந்தது. பூமியில் பலமுறை ஒத்திகை பார்த்தபோது வராத சிக்கல். கடைசியில் உடன் இருந்த வீரர் பீட் கான்ராட் சுத்தியலால் கூட்டின் பக்கவாட்டில் தட்டத் தட்ட, பீன் கொஞ்சம் கொஞ்சமாக இழுத்து வெளியே எடுத்தார். ஓராண்டு உழைத்தால் போதும் என்று வடிவமைத்த அந்தக் கருவித் தொகுதி 1977 செப்டம்பரில் பூமியிலிருந்து அணைக்கும்வரை உயிரோடு இருந்தது. ஏறக்குறைய நூறு நிலவு இரவுகளைத் தாண்டியிருக்கிறது.

சோவியத் ரஷ்யா 1970இல் லூனோகோட்-1 ஊர்தியைப் பொலோனியம்-210 சூட்டில் பத்து மாதம் ஓட்டியது. சீனா 2013 முதல் நிலவில் இறக்கிய கலங்கள் சிலவற்றில் கதிரியக்கச் சூட்டைப் பயன்படுத்தியிருக்கிறது. 2019இல் நிலவின் மறுபக்கத்தில் இறங்கிய யூட்டு-2 ரோவர் ஆண்டுக்கணக்கில் ஓடியதற்குக் காரணமும் இதுதான். இந்த வரிசையைப் பார்த்தால் நம் ஒரு வாட் சோதனை எங்கே நிற்கிறது என்பது புரியும். அது முதல் அடி. எடுத்தே ஆகவேண்டிய அடி என்பது என் உறுதியான எண்ணம்.

அடி எடுக்கும் முன் விபத்துகளையும் பார்த்துவிட வேண்டும். வங்கக்கடல் ஓரத்தில், ஏவுதளத்துக்குத் தெற்கே ஒரு கோடிப் பேர் வாழும் நகரத்தில் உட்கார்ந்து எழுதுகிற நான் அதை ஒதுக்கிவிட்டுப் போக முடியாது.

1964 ஏப்ரலில் ஓர் அமெரிக்க வழிகாட்டிச் செயற்கைக்கோள் சுற்றுப்பாதையை எட்டாமல் இந்தியப் பெருங்கடலுக்கு மேலே எரிந்தது. அதிலிருந்த சுமார் ஒரு கிலோ புளூட்டோனியம்-238 காற்று மண்டலத்தில் பொடியாகக் கலந்தது. அன்றைய வடிவமைப்பே அப்படித்தான் இருந்தது. தவறினால் மிக உயரத்தில் எரிந்து நீர்த்துப் போகட்டும் என்று நினைத்தார்கள். அந்தத் துகள்கள் உலகெங்கும் பரவியது அளவீடுகளில் தெரிந்த பிறகு கொள்கையைத் தலைகீழாக மாற்றினார்கள். இனி எரியவே கூடாது, விழுந்தாலும் முழுதாக விழ வேண்டும். ஆல்பா துகளை ஒரு தாள் தடுத்துவிடும், தோலைத் தாண்டாது. பொடியாகி மூச்சில் போய் நுரையீரலில் தங்கினால்தான் ஆபத்து. அதனால் எரிபொருளைப் பொடியாகாத பீங்கான் வில்லையாக வார்த்தார்கள். அதற்கு இரிடியம் உறை, அதன்மேல் கிராஃபைட் கவசம். 1968இல் நிம்பஸ் என்ற வானிலைச் செயற்கைக்கோளை ஏற்றிச் சென்ற ராக்கெட்டைப் பாதையில் அழிக்க வேண்டிவந்தது. மின்கலன்கள் கலிஃபோர்னியா கடலடியில் முழுதாகக் கிடைத்தன. அந்த எரிபொருளை எடுத்து அடுத்த நிம்பஸில் பயன்படுத்தினார்கள். 1970இல் நிலவில் இறங்காமல் திரும்பிய அப்போலோ 13இன் புளூட்டோனியக் கூடு, பசிபிக்கில் டோங்கா ஆழ்கடல் பள்ளம் இருக்கும் பகுதியில் விழுந்தது. கசிந்ததற்கான தடயம் காற்றிலும் நீரிலும் தென்படவில்லை.

சூடேற்றியும் மின்கலனும் ஒரு வகை. அணுஉலை முற்றிலும் வேறு வகை. உலை என்றாலே பயம் கூடுகிறது, ஆனால் ஏவும் நேரத்தில் கதை நேர்மாறானது. புளூட்டோனியம்-238 எப்போதும் கனன்றுகொண்டிருக்கும், அதை அணைக்க முடியாது. இன்னும் இயக்கப்படாத உலையின் யுரேனியமோ மிகக் குறைந்த கதிரியக்கம் உடையது. கையுறை போட்டுக்கொண்டு கையாளலாம். உலையை இயக்கியபின் பிளவுபட்ட அணுக்களின் மிச்சங்கள் சேரச் சேரத்தான் அது கொடிய பொருளாகிறது. ஆகவே இன்னும் இயக்காத உலை கடலில் விழுவது பெரிய ஆபத்தில்லை. ஓடிய உலை திரும்பி விழுவதுதான் ஆபத்து.

1978 ஜனவரி 24இல் நடந்தது இந்த இரண்டாவது வகை விபத்து. சோவியத்தின் காஸ்மோஸ்-954 உளவுச் செயற்கைக்கோள், ஓடிய உலையோடு கனடாவின் வடமேற்குப் பனிவெளியில் சிதறி விழுந்தது. சுமார் 1,24,000 சதுர கிலோமீட்டரில் தேடினார்கள். அது தமிழ்நாட்டின் பரப்பளவுக்குக் கிட்டத்தட்ட இணை. கிடைத்தது மிகச் சிறு பங்கு. கனடா சுமார் 60 லட்சம் டாலர் கேட்டது, சோவியத் 30 லட்சம் கனடிய டாலர் கொடுத்து 1981இல் கணக்கை முடித்தது. அமெரிக்கா 1965இல் அனுப்பிய ஒரே உலை 43 நாள் ஓடி, உலையில் கோளாறு இல்லாமல் கலத்தின் மின்கருவிக் கோளாறால் நின்றது. உயர்ந்த சுற்றுப்பாதையில் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. அணு ராக்கெட் எஞ்சின்கள் பற்றியும் நிறையப் பேசப்படுகிறது. 1955 முதல் 1973 வரை அமெரிக்கா நிலத்தில் சோதித்துப் பார்த்து நிறுத்திய திட்டம் அது. பறந்த எஞ்சின் எதுவும் இல்லை.

நிலவில் மனிதர் தங்கப் போகிறார்கள் என்றால் சில நூறு வாட் போதாது, பத்து கிலோவாட், நூறு கிலோவாட் வேண்டும். அதற்குத்தான் இப்போது உலையைப் பேசுகிறார்கள். 2018 மார்ச்சில் நெவாடா பாலைவனத்தில் அமெரிக்கர்கள் ஒரு சிற்றுலையை 28 மணி நேரம் ஓட்டிக் காட்டினார்கள். அதன் யுரேனியக் கரு சமையலறையில் கை துடைக்க வைக்கும் காகிதச் சுருள் அளவுதான். அமெரிக்காவும், ரஷ்யாவோடு சேர்ந்து சீனாவும், நிலவில் உலை வைக்கப் போவதாக அறிவித்திருக்கின்றன.

நாம் இதில் வெறும் பார்வையாளர் இல்லை. சென்னைக்கு வடக்கே ஏறத்தாழ 80 கிலோமீட்டரில் ஸ்ரீஹரிகோட்டா. தெற்கே ஏறத்தாழ 70 கிலோமீட்டரில் கல்பாக்கம். இந்தியாவின் ஏவுதளத்துக்கும் அணு ஆராய்ச்சி வளாகத்துக்கும் நடுவில் இருக்கும் பெருநகரம் நம்முடையது. கல்பாக்கத்தில் காமினி என்று ஒரு சிற்றுலை இருக்கிறது. 1996இல் இயங்கத் தொடங்கியது, 30 கிலோவாட் வெப்பத்திறன் கொண்டது. தோரியத்திலிருந்து கிடைக்கும் யுரேனியம்-233 எரிபொருள் வெறும் 600 கிராம் அளவில் அதில் இருக்கிறது. இந்த உலை ஏற்கெனவே விண்வெளித் துறைக்கு உழைக்கிறது. ராக்கெட்டின் அடுக்குகளைப் பிரித்துவிடும் சிறு வெடிச்சாதனங்களை இதன் நியூட்ரான் கற்றையில் படம் பிடித்துச் சோதிக்கிறார்கள். எக்ஸ் கதிருக்கு உலோக ஓடுதான் தெரியும், உள்ளே மருந்து சரியாக நிரம்பியிருக்கிறதா என்பது நியூட்ரானுக்குத்தான் தெரியும். நெவாடாவில் ஓடிய உலையின் வெப்பத்திறன் இதைவிடக் குறைவு. நிலவுக்கு உலை செய்வது வேறு கலை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சிறிய உலையை வடிவமைத்து முப்பதாண்டுக் காலம் பேணிய கைகள் கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஒரு மணி நேரத் தூரத்தில் இருக்கின்றன.

எரிபொருளிலும் நமக்கு ஒரு வாய்ப்பு இருக்கிறது. புளூட்டோனியம்-238 இயற்கையில் அள்ளக் கிடைப்பதில்லை. அணுஉலைக் கழிவிலிருந்து நெப்டூனியம்-237ஐப் பிரித்து, அதை மீண்டும் உலையில் வைத்து நியூட்ரான் ஏற்றித்தான் செய்ய வேண்டும். அமெரிக்கா 1988இல் உற்பத்தியை நிறுத்திவிட்டு ரஷ்யாவிடம் வாங்கிக் காலம் தள்ளியது. 2015இல்தான் மீண்டும் 50 கிராம் செய்தது. ஐரோப்பா வேறு வழியில் போகிறது. சூடு குறைவு, ஆனால் அரை ஆயுள் 432 ஆண்டு கொண்ட அமெரிசியம்-241ஐப் பழைய புளூட்டோனியத்திலிருந்து பிரித்தெடுக்கிறது. இரண்டுக்கும் அடிப்படை, எரிந்த எரிபொருளை மறுசுழற்சி செய்யும் திறமை. அது உள்ள நாடுகள் சில. இந்தியா அதில் ஒன்று. கல்பாக்கத்திலும் அந்த ஆலை இருக்கிறது.

ஆகவே செய்ய முடியுமா என்பது என் கவலை இல்லை. சொல்லிவிட்டுச் செய்வார்களா என்பதுதான் கவலை.

காரணம் இருக்கிறது. 1965இல் சீனாவின் அணுச்சோதனைகளை வேவு பார்க்க, அமெரிக்க உளவுத்துறையும் இந்திய உளவுத்துறையும் சேர்ந்து ஒரு புளூட்டோனிய மின்கலனை நந்தாதேவி சிகரத்துக்கு ஏற்றின. விண்கலங்களுக்காகச் செய்த அதே குடும்பத்துக் கருவி அது. பனிப்புயலில் பாதி வழியில் விட்டு இறங்கினார்கள், அடுத்த ஆண்டு போய்ப் பார்த்தபோது காணவில்லை. 1978இல் வெளிநாட்டுப் பத்திரிகையில் செய்தி வந்த பிறகுதான் பிரதமர் மொரார்ஜி தேசாய் நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொண்டார். பதின்மூன்று ஆண்டு மௌனம். அந்த மலைச்சரிவில் வெள்ளம் வரும்போதெல்லாம் இன்றுவரை அந்தக் கருவியின் பெயரை மக்கள் பேசுகிறார்கள். விஞ்ஞானிகள் எத்தனை விளக்கம் சொன்னாலும் அந்தச் சந்தேகம் போகவில்லை. மறைத்ததன் விலை அது.

1992இல் ஐக்கிய நாடுகள் பொதுச்சபை, விண்வெளியில் அணுசக்தி பற்றிய கோட்பாடுகளை ஏற்றது. ஒவ்வொரு ஏவுதலுக்கும் முன்னால் பாதுகாப்பு மதிப்பீட்டின் முடிவுகளைப் பொதுமக்களுக்கு வெளியிட வேண்டும் என்று அதில் இருக்கிறது. நியாயமாகச் சொன்னால், அந்தக் கோட்பாடுகள் மின்சாரம் செய்யும் கருவிகளுக்கு எழுதப்பட்டவை. வெறும் சூடேற்றிகளை எழுத்தளவில் கட்டுப்படுத்தாது. இரண்டு வாட் சூடேற்றியை அறிவிக்காமல் அனுப்பியதில் விதி மீறல் இல்லை. அந்த அளவால் எங்களுக்குப் பெரிய ஆபத்தும் இருந்ததாக நான் நினைக்கவில்லை. ஆனால் அடுத்து வரப்போவது சில கிலோ அளவிலான மின்கலன், அதற்குப் பின் உலை. அப்போதும் ஏவிய பிறகு செய்தித்தாளில் படித்துத் தெரிந்துகொள்வது சரியாகாது. அமெரிக்காவில் 1997இல் சுமார் 33 கிலோ புளூட்டோனியத்தோடு காசினி விண்கலம் சனிக் கோளுக்குக் கிளம்பியபோது பெரிய எதிர்ப்பு எழுந்தது, வழக்கும் நடந்தது. அதனால் காசினி நின்றுவிடவில்லை. சனியைச் சுற்றி 13 ஆண்டு ஆராய்ந்தது. கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டே அனுப்ப முடியும் என்பதற்கு அது சாட்சி.

இங்கே ஒவ்வோர் ஏவுதலுக்கு முன்பும் பழவேற்காடு மீனவர்களுக்குக் கடலுக்குப் போக வேண்டாம் என்று அறிவிப்பு வருகிறது. தேதி, நேரம், எந்தப் பகுதி என்று அதில் இருக்கும். கதிரியக்கப் பொருள் போகும் நாளில் அந்த அறிவிப்பில் இன்னும் மூன்று வரி சேர்க்கலாம். என்ன பொருள், எத்தனை கிராம், கூடு போல ஏதேனும் வலையில் சிக்கினாலோ கரையில் ஒதுங்கினாலோ தொடாமல் எந்தத் தொலைபேசி எண்ணுக்குச் சொல்ல வேண்டும். தமிழிலும் தெலுங்கிலும், குப்பத்துப் படகுத்துறையில் ஒட்டும் அளவுக்கு ஒரு பக்கம். பாதுகாப்பு மதிப்பீடு செய்த விஞ்ஞானிகளிடம் இந்த விவரம் எல்லாம் ஏற்கெனவே கையில் இருக்கும்.